ஜியோவானியை வெல்வது எப்படி: போக்கிமான் கோ ராக்கெட் தலைவருக்கு எதிரான முழுமையான வழிகாட்டி

போக்கிமான் கோ என்ற கைபேசி ஆட்டத்தில் ராக்கெட் கும்பலின் தலைவரான ஜியோவானியிடம் முதல் முறை தோற்றபோது என் அணியில் இருந்த மூன்று போக்கிமான்களுக்கும் சிபி, அதாவது போர்ப்பலத்தைக் காட்டும் எண், மூவாயிரத்துக்கு மேல். அவர் முதலில் இறக்கும் பெர்ஷியன் என்ற பூனையைக்கூட என்னால் சாய்க்க முடியவில்லை. பின்னால் அவரை வென்ற அணியின் முன்வரிசையில் நின்றது இரண்டாயிரத்துச் சொச்சம் சிபி கொண்ட ஒரு லூக்காரியோ. இடைப்பட்ட நாட்களில் நான் போக்கிமானை வளர்க்கச் செலவாகும் ஸ்டார்டஸ்டைக் கொட்டி யாரையும் வளர்க்கவில்லை. எதிரில் நிற்பவர் எப்போது ஷீல்டு (தடுப்புக் கவசம்) போடுகிறார், எப்போது கை ஓய்கிறார் என்று உட்கார்ந்து கவனித்தேன், அவ்வளவுதான். ஜியோவானி பலசாலி என்பது உண்மை. ஆனால் அவர் ஓர் இயந்திரம். இயந்திரத்துக்குப் பழக்கங்கள் உண்டு, அவற்றை மாற்றிக்கொள்ள அதற்குத் தெரியாது. கீழே சொல்லும் ஒவ்வொரு படியும் அந்தப் பழக்கங்களில் ஒன்றைப் பிடித்துக்கொண்டு ஏறுவதுதான்.

எதிரில் யார் நிற்கிறார்கள்

ராக்கெட் கும்பல் போக்கிமான் கோவுக்குள் நுழைந்தது 2019 ஜூலையில். அதே ஆண்டு நவம்பரில் கிளிஃப், சியாரா, ஆர்லோ என்ற மூன்று தளபதிகளும் அவர்களுக்கு மேலே ஜியோவானியும் வந்தார்கள். அன்று முதல் அவருடைய அணியின் அமைப்பு மாறவே இல்லை. முதலில் பெர்ஷியன். அடுத்து சில போக்கிமான்களில் ஏதோ ஒன்று. கடைசியில் நிழல் வடிவில் (ராக்கெட் கும்பல் கெடுத்துவைத்த வடிவம்) ஒரு லெஜண்டரி, அதாவது அரிய, பலம் மிக்க போக்கிமான். அந்த மூன்றாவது ஆள் பருவத்துக்குப் பருவம் மாறும். ஆர்டிகுனோவில் தொடங்கி ஜாப்டோஸ், மோல்ட்ரெஸ், மியூட்டூ, ஹோ-ஓ, லுகியா, கயோகர், கிராடான் என்று பலர் வந்து போயிருக்கிறார்கள்.

இந்தப் போக்கிமான்களின் பலம் உங்கள் பயிற்சியாளர் நிலையைப் பொறுத்தது. நீங்கள் மேலே ஏற ஏற அவையும் கூடவே ஏறும். அதனால் “இன்னும் பத்து நிலை ஏறிய பிறகு பார்த்துக்கொள்ளலாம்” என்று தள்ளிப்போடுவதால் சண்டை எளிதாகிவிடாது. இன்னொரு விஷயம்: நிழல் போக்கிமான்களின் தாக்குதல் 1.2 மடங்கு. தாங்கும் சக்தி அதே அளவுக்குக் குறைவு. பலமாக அடிப்பார்கள், வாங்கினால் சீக்கிரம் சாய்வார்கள். நீங்கள் வைத்திருக்கும் நிழல் போக்கிமான்களுக்கும் இதே கணக்குதான்.

ஜியோவானியின் மூன்று பழக்கங்கள்

முதல் பழக்கம் ஷீல்டு. அவரிடம் இரண்டு ஷீல்டுகள் இருக்கின்றன. திரையைத் தட்டித் தட்டி விடும் சிறு அடிகள் வேகத் தாக்குதல்கள், அவற்றால் ஆற்றல் சேர்த்து விடும் அடி சார்ஜ் தாக்குதல். நீங்கள் விடும் முதல் இரண்டு சார்ஜ் தாக்குதல்களுக்கு அவற்றைப் போட்டுவிடுவார். வருவது இடியா ஈர்க்குச்சியா என்று பார்ப்பதில்லை. மனிதரோடு ஆடும்போது சின்ன அடியைக் காட்டி ஷீல்டைப் பிடுங்க ஏமாற்று வேலை வேண்டும். இங்கே அது தேவையே இல்லை. ஆகவே முதல் இரண்டு அடிகளும் உங்களிடம் இருப்பதிலேயே மலிவானவையாக இருக்க வேண்டும். நிறைய ஆற்றல் சேர்த்து ஒரு பெரிய அடியை விட்டு, அது ஷீல்டில் மோதிச் சிதறுவதைப் பார்ப்பதைவிட வயிற்றெரிச்சல் இந்த ஆட்டத்தில் வேறில்லை.

இரண்டாவது பழக்கம் தயக்கம். நீங்கள் போக்கிமானை மாற்றியதும் அவர் ஓரிரு விநாடிகள் கையைக் கட்டிக்கொண்டு நிற்பார். சார்ஜ் தாக்குதல் ஒன்று நடந்து முடிந்ததும் அப்படியே. அந்த இடைவெளியில் நீங்கள் திரையைத் தட்டிக்கொண்டே இருந்தால் அத்தனையும் இலவச அடிகள். இந்த ஆட்டத்தில் ஒரு முறை என்பது அரை விநாடி. எனவே ஓரிரு விநாடிகள் என்பது சின்ன விஷயமல்ல.

இவை இரண்டையும் சேர்த்துப் பாருங்கள். மலிவான சார்ஜ் தாக்குதலை அடிக்கடி விடும் போக்கிமான், ஒவ்வொரு முறையும் எதிரியைக் கொஞ்ச நேரம் நிறுத்திவைக்கிறது. அந்த நேரத்தில் அடுத்த தாக்குதலுக்கான ஆற்றலில் ஒரு பகுதியைச் சேர்த்துக்கொள்கிறது. மறுபடி விடுகிறது, மறுபடி நிறுத்துகிறது. நன்றாக நடந்தால் பெர்ஷியன் ஒன்றிரண்டு முறை பிராண்டுவதோடு சரி. சிபி பெரிதாக இருந்தும் அடி மெதுவாக வரும் போக்கிமான்கள் ஏன் இங்கே எடுபடுவதில்லை என்பதும் இதிலேயே விளங்கிவிடும்.

மூன்றாவதைப் பழக்கம் என்பதைவிடக் குலவழக்கம் எனலாம். மூல ஆட்டங்களில் ஜியோவானி விரிடியன் நகரத்து ஜிம் தலைவர். நிலவகைப் போக்கிமான்களை வைத்திருப்பவர். அந்தப் பாசம் இங்கேயும் விட்டுப்போகவில்லை. 2019இல் முதன்முதலாக வந்தபோது இரண்டாம் இடத்துக்கு இருந்த மூவரும், அதாவது ரைடான், ஹிப்போடான், டக்ட்ரியோ, நிலவகை. பின்னால் நிடோகிங், ரைபீரியர் என்று அதே வகையினர் மீண்டும் வந்தார்கள். இடையில் கிங்லர் போன்ற வேற்று வகையினரும் தலைகாட்டுவது உண்டு. ஆனாலும் இரண்டாவது ஆள் யாரென்று தெரியாமல் போகும்போது நீர்வகை ஒன்றைக் கையில் வைத்திருப்பது நல்ல பந்தயம்.

படி 1: ரேடாரைச் சம்பாதித்தல்

ராக்கெட் கும்பலோடு மோத உங்கள் நிலை 8 ஆக இருந்தால் போதும். சாதாரண அடியாட்களை வென்றால் மர்மப் பாகம் கிடைக்கும். ஆறு சேர்ந்தால் ஒரு ராக்கெட் ரேடார். அதை வைத்துக்கொண்டு தளபதிகளைத் தேட வேண்டும். ஜியோவானிக்குத் தேவையான சூப்பர் ராக்கெட் ரேடார் இப்படிச் சேர்த்துச் செய்வதல்ல, சிறப்பு ஆய்வுப் பணியை முடித்தால் கிடைப்பது. பெரும்பாலும் அந்தப் பணியில் மூன்று தளபதிகளையும் வெல்லச் சொல்வார்கள்.

இந்த ரேடார் அடிக்கடி கிடைக்காது. எனவே கிடைத்த கையோடு ஓட வேண்டியதில்லை. இப்போது ஜியோவானியிடம் இருக்கும் லெஜண்டரி உங்களிடம் ஏற்கெனவே இருந்தால் ரேடாரை அணைத்துப் பைக்குள் போட்டுவிடுங்கள். நீங்கள் சண்டைக்குப் போகும் நாளில் யார் இருக்கிறாரோ அவர்தான் கிடைப்பார். வேண்டாத ஒன்றுக்காக ரேடாரைச் செலவழித்துவிட்டு, அடுத்த பருவத்தில் வேண்டியது வந்து நிற்கும்போது கை பிசைந்தவன் நான்.

படி 2: அவரைக் கண்டுபிடித்தல்

ரேடாரை இயக்கினால் சில போக்கிஸ்டாப்களில் (ஆட்ட வரைபடத்தில் பொருட்கள் கிடைக்கும் இடங்கள்) அவர் இருப்பதாக அடையாளம் தெரியும். போய்ப் பார்த்தால் வேடமிட்ட அடியாளாகவும் இருக்கலாம். அப்படியானால் அடுத்த இடத்துக்கு நடக்க வேண்டியதுதான். நடக்க அலுப்பாக இருந்தால் பலூனுக்குக் காத்திருங்கள். ராக்கெட் பலூன்கள் ஆறு மணி நேரத்துக்கு ஒன்றாக, நாளுக்கு நான்கு முறை வருகின்றன. ரேடார் இயங்கும் நிலையில் இருந்தால் பலூனிலும் ஜியோவானி வருவார். தளபதிகளுக்கான ரேடாரும் சேர்ந்து இயங்கினால் குழப்பம், அதை அணைத்துவைப்பது நல்லது.

படி 3: முதல் சண்டையைத் தோற்கத் தயாராகப் போதல்

ஜியோவானியிடம் தோற்றால் ரேடார் போய்விடாது. வென்றால்தான் அது செலவாகும். தோற்ற பிறகு அதே இடத்தில் அவரை மறுபடி அழைக்கலாம், அதே மூவர்தான் வருவார்கள். ஆகவே முதல் சண்டை வேவு பார்ப்பதற்கு. இரண்டாவதாக யார் வருகிறார் என்று தெரிந்துகொண்டால் பாதி வேலை முடிந்தது. அதற்கு ஆகும் செலவு சில மருந்துகளும், சாய்ந்தவற்றை எழுப்பும் ரிவைவ்களும் மட்டுமே. பை காலியாக இருக்கும் நாளில் மட்டும் ஜியோவானியிடம் போகாதீர்கள். பலூன் நெடுநேரம் காத்திருக்காது. அந்த நேரத்தில் மருந்து தேடிப் போக்கிஸ்டாப் சுற்றுவது நடக்கிற காரியமல்ல.

வேவு பார்க்கும்போது கவனிக்க வேண்டியவை: இரண்டாவது ஆள் யார், பெர்ஷியன் எந்தச் சார்ஜ் தாக்குதலை விட்டது, லெஜண்டரி வரை போக முடிந்தால் அது எதை விட்டது. திரையில் தாக்குதலின் பெயர் வரும். ஒரு தாளில் குறித்துக்கொள்ளுங்கள். கேலியாகத் தோன்றலாம், ஆனால் சண்டையின் பரபரப்பில் பார்த்த பெயர் அடுத்த நிமிடமே மறந்துபோகும்.

படி 4: பெர்ஷியனுக்கு ஆள் தேடுதல்

சண்டை முடிவாவது இங்கேதான். லெஜண்டரியைப் பார்த்துப் பயந்து, இருப்பதில் சிறந்ததை அதற்கென்று ஒதுக்கிவிட்டுப் பூனைக்கு ஏனோதானோவென்று ஒருவரை நிறுத்துகிறார்கள் பலர். இரண்டு ஷீல்டுகளும் பூனையின் மேல்தான் இருக்கின்றன என்பதை மறந்துவிடுகிறார்கள்.

பெர்ஷியன் சாதாரண வகை. சண்டை வகைத் தாக்குதல்களுக்கு மட்டும் பலவீனமானது. அதனிடமிருந்து வரக்கூடிய சார்ஜ் தாக்குதல்களில் முக்கியமானவை மூன்று: இருள் வகையான ஃபவுல் பிளே, பாறை வகையான பவர் ஜெம், தேவதை வகையான பிளே ரஃப். மூன்றாவதில்தான் சூது இருக்கிறது. சண்டை வகைப் போக்கிமான்களைத் தேவதை வகைத் தாக்குதல் 1.6 மடங்கு காயப்படுத்தும். பூனைக்கு எதிரான மருந்தே பூனையின் நகத்தில் சிக்கிக்கொள்ளும்.

இங்கேதான் லூக்காரியோ தனித்து நிற்கிறது. அது சண்டை, எஃகு என்று இரட்டை வகை. பிளே ரஃப் வந்தால் சண்டை வகை 1.6 மடங்கு வாங்கும், எஃகு வகை 0.625 ஆகக் குறைக்கும். பெருக்கினால் சரியாக 1. பவர் ஜெம் வந்தால் இரண்டு வகைகளுமே குறைக்கும், 0.39தான் மிஞ்சும். ஃபவுல் பிளே 0.625. வேகத் தாக்குதலாகப் பூனை பிராண்டினாலும் எஃகின் மேல் அதற்கு மதிப்பில்லை. பெர்ஷியன் எதை எடுத்து வந்தாலும் லூக்காரியோவைக் கூடுதலாகக் காயப்படுத்த முடியாது.

அடிக்கும் பக்கத்துக்கு வருவோம். லூக்காரியோவின் வேகத் தாக்குதல் கவுன்டர். சார்ஜ் தாக்குதல் பவர்-அப் பஞ்ச். இது 35 ஆற்றலுக்கு வரும் மலிவான குத்து. குத்து பெரிதாக வலிக்காது. ஆனால் விட்டவரின் தாக்குதல் பலத்தை ஒவ்வொரு முறையும் ஒரு படி உயர்த்தும், அதுவும் ஷீல்டில் பட்டாலும் உயர்த்தும். ஜியோவானி தன் இரண்டு ஷீல்டுகளையும் இந்தச் சின்னக் குத்துகளுக்குக் கொடுத்து முடிக்கும்போது லூக்காரியோவின் பலம் 1.5 மடங்காகியிருக்கும். தன் வகைத் தாக்குதலுக்கு ஆட்டம் தரும் 1.2, பூனையின் பலவீனத்துக்கான 1.6, இந்த 1.5 ஆகியவற்றைப் பெருக்கினால் 2.88. சாதாரணக் கவுன்டர் ஒவ்வொன்றும் ஏறக்குறைய மூன்று அடிகளாக விழுகிறது. இதைக் கணக்குப் போட்டுப் பார்த்த அன்றுதான் என் மூவாயிரம் சிபி ஆசாமிகள் மேல் எனக்கு மோகம் விட்டது.

லூக்காரியோ இல்லையென்றால் மச்சாம்ப். கவுன்டரும் கிராஸ் சாப்பும் வைத்திருக்க வேண்டும். கிராஸ் சாப்பும் 35 ஆற்றல்தான். பலம் ஏறாது, ஆனால் ஷீல்டைப் பிடுங்கும் வேகம் அதே. பிளே ரஃப் இருக்கும் பெர்ஷியன் என்றால் மட்டும் உங்கள் ஷீல்டு ஒன்றை மச்சாம்புக்குத் தயாராக வைத்திருங்கள்.

படி 5: இரண்டாவது இடம்

நீர்வகை என்று முன்பே சொன்னேன். என் கையில் எப்போதும் இருப்பது ஸ்வாம்பர்ட். மட் ஷாட் வேகத் தாக்குதல், ஹைட்ரோ கேனன், எர்த்குவேக் ஆகிய இரண்டும் சார்ஜ் தாக்குதல்கள். மட் ஷாட் ஆற்றலை அள்ளிக்கொண்டு வரும். ஹைட்ரோ கேனன் 40 ஆற்றலுக்கே கிடைத்துவிடும். ரைபீரியர் நிலமும் பாறையும் சேர்ந்தது, நீர் அதன் மேல் 2.56 மடங்கு விழும். அநேகமாக இரண்டு ஹைட்ரோ கேனனுக்கு மேல் நிற்காது. நிடோகிங் நீருக்கும் பலவீனம், நிலத்துக்கும் பலவீனம். அதனால் மட் ஷாட்டே கடிக்கும். கிங்லர் வந்தால்தான் சங்கடம்: நீருக்கு நீர் ஏறாது. அப்போது எர்த்குவேக்கை நம்பலாம், ஆனால் அதற்கு ஆற்றல் அதிகம் வேண்டும். வேவு பார்த்ததில் கிங்லர் என்று தெரிந்துவிட்டால் ஸ்வாம்பர்டை வீட்டில் விட்டுவிட்டு வீனசார் போன்ற புல்வகையையோ மின்சார வகையையோ கொண்டுபோங்கள்.

ஹைட்ரோ கேனன் 2019 ஜூலை சமூக நாள் என்ற சிறப்பு நிகழ்வில் ஸ்வாம்பர்டுக்குக் கிடைத்த தாக்குதல். அந்த நாளைத் தவறவிட்டவர்கள் சார்ஜ் தாக்குதலை மாற்ற உதவும் எலைட் சார்ஜ் டிஎம் ஒன்றைச் செலவழிக்கலாம். இரண்டாவது சார்ஜ் தாக்குதலைத் திறப்பதும் மற்ற பலரைவிட இங்கே மலிவு: ஸ்வாம்பர்ட் தொடக்கப் போக்கிமான் குடும்பம் என்பதால் 10,000 ஸ்டார்டஸ்டும் 25 மிட்டாய்களும் போதும். மச்சாம்புக்கு 50,000, லெஜண்டரிகளுக்கு 100,000 என்று கேட்கிற ஆட்டத்தில் இது கிட்டத்தட்ட இனாம்.

படி 6: லெஜண்டரிக்கான ஆள்

மூன்றாவதாக யார் என்பது அந்தப் பருவத்தில் எல்லோருக்கும் தெரிந்திருக்கும், எனவே தயாராக நேரம் உண்டு. ஆர்டிகுனோ, மோல்ட்ரெஸ், ஹோ-ஓ மூவரும் பாறைக்கு இரட்டைப் பலவீனம். ஸ்மாக் டவுன் வைத்திருக்கும் டைரனிடார் இருந்தால் அதிகம் யோசிக்க வேண்டியதில்லை. கிராடானுக்கு நீரோ புல்லோ. அதாவது ஸ்வாம்பர்டைப் போன்ற இன்னொருவர். கயோகருக்கு மின்சாரம் அல்லது புல். ஆனால் கயோகர் பனிவகையான பிளிசார்டைக் கொண்டுவந்தால் புல்வகை வாடிப்போகும், அதனால் என் தேர்வு எஃகும் மின்சாரமும் சேர்ந்த மேக்னசோன். லுகியாவுக்குப் பாறை, மின்சாரம், பனி, பேய், இருள் என்று ஐந்து வாசல் திறந்திருக்கிறது. ஆனால் உடம்பு பெரிது, சாவதற்கு நேரமெடுக்கும்.

மியூட்டூவைப் பற்றிக் கொஞ்சம் நின்று பேச வேண்டும், ஏனென்றால் அதிகம் பேரை வீட்டுக்கு அனுப்பியது அதுதான். அது சைக்கிக் வகை. இருள், பேய், பூச்சி ஆகிய மூன்றும் அதற்கு ஆகாது. ‘இருள்வகைதானே, டைரனிடார் இருக்கிறதே’ என்று கொண்டுபோவார்கள். மியூட்டூவிடம் ஃபோகஸ் பிளாஸ்ட் இருந்தால் அது சண்டை வகை. டைரனிடார் இருளும் பாறையும் சேர்ந்தது, சண்டை வகை அதன் மேல் 2.56 மடங்கு. ஓர் அடி, ஆள் காலி. சரி, பூச்சிவகை சிஸரைக் கொண்டுபோனால் ஃபிளேம்த்ரோயர் வந்து அதையும் 2.56 மடங்கு பொசுக்கும். ஜெங்கர் பேய்வகை, ஆனால் விஷமும் சேர்ந்ததால் சைக்கிக் தாக்குதலே அதைக் கொல்லும். ஒவ்வொரு பூட்டுக்கும் மியூட்டூவிடம் ஒரு சாவி இருக்கிறது. ஒரே நேரத்தில் எல்லாச் சாவிகளும் இருக்காது என்பதுதான் ஆறுதல். வேவு பார்த்துக் குறித்துவைத்த தாள் இங்கே கைகொடுக்கும்.

எதுவும் தெரியாமல் மோத வேண்டியிருந்தால் ஆரிஜின் வடிவ கிராட்டினாவை நிறுத்துவேன். ஃபோகஸ் பிளாஸ்ட் அதன் மேல் 0.39 மடங்குதான். ஐஸ் பீம் வந்தால் மட்டும் வலிக்கும். அதுவும் இல்லாதவர்கள் இருள்வகை ஒன்றை நிறுத்தி ஒரு ஷீல்டை மிச்சம் வைத்திருந்தால் போதும். ஃபோகஸ் பிளாஸ்டுக்கு ஆற்றல் நிறைய வேண்டும், அடுத்தடுத்து வராது. முதல் ஒன்றைத் தடுத்துவிட்டால் இரண்டாவது வருவதற்குள் வேலையை முடித்துவிடலாம்.

எவ்வளவு வளர்க்க வேண்டும் என்று கேட்டால், மூவரையும் நிலை 30ஐ ஒட்டிக் கொண்டுவந்து, சரியான தாக்குதல்களை வைத்துவிட்டு முயன்று பாருங்கள் என்பேன். தோற்றால் அப்போது வளர்க்கலாம். சுத்திகரித்த (நிழல் நீக்கிய) போக்கிமானை வளர்க்கப் பத்து சதவீதம் குறைவாகவும், நிழல் போக்கிமானை வளர்க்க இருபது சதவீதம் அதிகமாகவும் செலவாகும் என்பதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

படி 7: வரிசை

இது ஒரு சின்னத் தந்திரம், ஆனால் சண்டையின் போக்கையே மாற்றும். பெர்ஷியனுக்கான லூக்காரியோவை முதலிடத்தில் வைக்காதீர்கள், இரண்டாமிடத்தில் வையுங்கள். முதலிடத்தில் ஸ்வாம்பர்ட். சண்டை தொடங்கிய அடுத்த கணமே லூக்காரியோவுக்கு மாற்றுங்கள். மாற்றியதும் ஜியோவானி தயங்குவார் என்றேன் அல்லவா, அந்தத் தயக்கத்தில் லூக்காரியோ இலவசமாகக் குத்தத் தொடங்கிவிடும். முதல் பவர்-அப் பஞ்ச் தயாராகும்போது பூனை ஒன்றிரண்டு முறைதான் கையை நீட்டியிருக்கும். ஸ்வாம்பர்ட் அதிகம் அடிபடாமல் பின்னால் போய் உட்கார்ந்துவிடும். மறுபடி மாற்றக் கொஞ்ச நேரம் ஆகும், ஆனால் பூனை சாய்வதற்குள் அந்தக் கடிகாரம் பெரும்பாலும் ஓடி முடிந்திருக்கும்.

படி 8: சண்டை, விநாடிவாரியாக

தொடங்கியதும் மாற்றம். உடனே இடைவிடாத தட்டல், விரல் ஓயக் கூடாது. ஐந்தாறு கவுன்டரில் பவர்-அப் பஞ்ச் பொத்தான் ஒளிரும். அமுக்குங்கள். குமிழிகளைத் தேய்க்கும் சிறு ஆட்டம் வரும். இதை அலட்சியமாக விட்டால் அடியின் பலம் கால்பங்குவரை இறங்கிவிடும். ஷீல்டில் படப்போகும் அடிதானே என்று சும்மா இருந்தாலும் பரவாயில்லை, ஆனால் அந்தச் சோம்பல் பழகிவிட்டால் பின்னால் முக்கியமான அடியிலும் கை தூங்கும்.

ஷீல்டு ஒன்று போயிற்று. அடி முடிந்து திரை பழைய நிலைக்கு வந்த அந்தக் கணத்திலிருந்தே தட்டத் தொடங்குங்கள். பூனை நின்றுகொண்டிருக்கும். மறுபடி பவர்-அப் பஞ்ச், இரண்டாவது ஷீல்டும் போயிற்று. இதற்குள் பெர்ஷியன் ஒரு சார்ஜ் தாக்குதலுக்குத் தயாராகியிருக்கலாம். லூக்காரியோவின் உயிர் பாதிக்குக் கீழே இருந்தால் ஷீல்டு போடுங்கள். மேலே இருந்தால் வாங்கிக்கொள்ளலாம். மச்சாம்ப் வைத்திருப்பவர்கள் யோசிக்காமல் போட்டுவிடுவது நல்லது.

இப்போது பூனையிடம் ஷீல்டு இல்லை, உங்களுக்கோ ஒன்றரை மடங்கு பலம். பலர் தவறுவது இங்கேதான்: பூனையின் உயிர் கொஞ்சமே மிச்சமிருக்கும்போது அவசரத்தில் இன்னொரு சார்ஜ் தாக்குதலை விட்டு ஆற்றலை வீணாக்குகிறார்கள். விடாதீர்கள். கவுன்டராலேயே கொல்லுங்கள். ஆற்றல் 100 வரை சேரும். இரண்டாவது ஆள் தலையை நீட்டும்போது லூக்காரியோவின் கையில் தயார் நிலையில் அடி இருக்க வேண்டும். ரைபீரியரும் சண்டை வகைக்குப் பலவீனம்தான், அதனால் லூக்காரியோவே ஒரு கடி கடித்துவிட்டுச் சாகலாம். ஏறிய பலம் மாற்றினால் அழிந்துவிடும். ஆகவே லூக்காரியோவை நடுவில் திரும்ப அழைக்காமல் சாகும்வரை விட்டுவிடுவதே லாபம்.

ஸ்வாம்பர்ட் வந்ததும் இரண்டாவது ஆளின் மிச்சக் கணக்கை முடிக்கும். இங்கேயும் கடைசிச் சொட்டு உயிரை மட் ஷாட்டால் எடுத்து ஆற்றலைச் சேர்த்துவையுங்கள். லெஜண்டரி வந்தவுடன் இருக்கும் ஹைட்ரோ கேனன் எல்லாவற்றையும் கொட்டிவிடுங்கள். அது வகைப் பொருத்தமில்லாத அடியாக இருந்தாலும் பரவாயில்லை. ஷீல்டு இல்லாத எதிரிக்கு எந்த அடியும் அடிதான். உங்கள் கடைசி ஷீல்டை இதற்கு முன் செலவழித்திருக்கக் கூடாது. லெஜண்டரிக்கு எதிராக நிறுத்தும் மூன்றாவது ஆளுக்காக அதைக் கட்டாயம் வைத்திருங்கள்.

தோற்றுக்கொண்டே இருந்தால்

எங்கே சாகிறீர்கள் என்று பாருங்கள். பெர்ஷியனிடமே முடிந்துவிட்டால் உங்கள் முன்வரிசை ஆளின் சார்ஜ் தாக்குதல் விலை அதிகம், அல்லது விரல் இடைவெளிகளை வீணடிக்கிறது. இரண்டாவதில் முடிந்தால் வகை பொருந்தவில்லை, ஆளை மாற்றுங்கள். லெஜண்டரியின் கடைசி நூலிழையில் தோற்கிறீர்கள் என்றால்தான் ஸ்டார்டஸ்ட் செலவழித்து வளர்ப்பது பொருந்தும். இணையம் மந்தமாக இருக்கும்போது தட்டல்கள் பதிவாகாமல் போவதும் உண்டு. திரை திக்கித் திணறினால் அன்றைக்கு விட்டுவிடுங்கள்.

படி 9: பிடிப்பது

வென்றபின் கையில் பிரீமியர் பந்துகள் மட்டுமே தருவார்கள். எத்தனை என்பது உயிரோடு மிஞ்சிய போக்கிமான்களையும், சுத்திகரிப்புக்கும் ராக்கெட் கும்பலை வென்றதற்கும் நீங்கள் பெற்ற பதக்கங்களின் தரத்தையும் பொறுத்தது. ஒவ்வொரு வீச்சுக்கும் தங்க ராஸ் பெர்ரி கொடுங்கள், அது வாய்ப்பை 2.5 மடங்காக்கும். பந்தைச் சுழற்றி வளைத்து வீசினால் 1.7 மடங்கு. வட்டம் வேண்டிய அளவுக்குச் சுருங்கும்வரை பந்தைப் பிடித்திருந்து, பிறகு விட்டுவிட்டு, அது தாக்கத் தொடங்கும்வரை காத்திருங்கள். தாக்குதல் முடியும் தறுவாயில் வீசினால் வட்டம் நீங்கள் விட்ட அளவிலேயே இருக்கும்.

பிடித்த கையோடு சுத்திகரிக்கும் பொத்தானைத் தொடாதீர்கள். சுத்திகரித்தால் தாக்குதல், தற்காப்பு, உயிர் என்ற மூன்று அளவுகளிலும் இரண்டு புள்ளிகள் கூடும், நிலை 25க்கு வந்துவிடும், உண்மைதான். ஆனால் அந்த 1.2 மடங்குத் தாக்குதல் போய்விடும், திரும்ப வராது. நிழலாகவே வைத்திருந்தால் உதவாத ஃபிரஸ்ட்ரேஷன் தாக்குதல் ஒட்டிக்கொண்டிருக்கும். சாதாரண நாட்களில் சார்ஜ் டிஎம் கொடுத்தாலும் அது நீங்காது. ராக்கெட் கும்பல் சார்ந்த சில சிறப்பு நிகழ்வுகளின்போது மட்டும் நீங்கும். அந்த நாள் வரும்வரை ஒரு சார்ஜ் டிஎம்மைத் தனியே எடுத்து வைத்துவிட்டுக் காத்திருங்கள்.